கைபேசிக்குப் பயந்த சர்க்கார்

1954 ஆகஸ்ட் 11 அன்று, தாய்த் தமிழகத்தோடு இணையக் கோரிய மக்களைப் பட்டம் தாணுப்பிள்ளை சர்க்காரின் போலீஸ் மார்த்தாண்டத்திலும் புதுக்கடையிலும் சுட்டது. மாண்டவர் எத்தனை பேர் என்பதில் இன்றும் கணக்குக்குக் கணக்கு வேறுபடுகிறது. அன்று உழைப்பாளி கையில் கேமரா இல்லை.

இன்று முந்திரி ஆலைப் பெண்ணின் மடியிலும் கைபேசி இருக்கிறது. அது ஆள்வோரை எப்படி அச்சுறுத்துகிறது என்பதைத் தூத்துக்குடியில் கண்டோம். 2018 மே 22, ஸ்டெர்லைட் எதிர்ப்புப் போராட்டத்தின் நூறாவது நாள். ஆட்சியர் அலுவலகம் நோக்கி நடந்த மக்கள் மீது துப்பாக்கிப் பிரயோகம். இரு நாள் வெறியாட்டத்தில் 13 பேர் பலி. குண்டு பாய்ந்து தரையில் கிடந்த இளைஞரை, நடிக்காமல் எழுந்து போகும்படி போலீசார் அதட்டிய காட்சி ஊரெங்கும் பரவியது.

23ஆம் தேதி இணையத்தை நிறுத்த உத்தரவு பிறந்தது. தூத்துக்குடியோடு நெல்லைக்கும், நமது குமரி மாவட்டத்துக்கும்! நாகர்கோவிலில் யார் யாரைச் சுட்டார்கள்? சமூக ஊடகச் செய்திகள் மக்களைத் தூண்டுகின்றனவாம். தூண்டியது செய்தியா, குண்டா?

அன்றைய முதலமைச்சர் பழனிசாமியோ தொலைக்காட்சி பார்த்தே விஷயம் அறிந்ததாகச் சொன்னார். நீதிபதி அருணா ஜெகதீசன் ஆணையம் அதை ஏற்கவில்லை. போலீசைத் தூண்டும்படி மக்கள் எதுவும் செய்யவில்லை என்று கூறிய அதன் அறிக்கை 2022 அக்டோபரில் சட்டசபைக்கு வந்தது. அது சுட்டிக்காட்டிய அதிகாரிகளைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றவேண்டும் என்பதே நம் கோரிக்கை.

பிரான்சிலும் இதே கதைதான். 2018 நவம்பரில் எரிபொருள் வரியை எதிர்த்து மஞ்சள் அங்கியுடன் வீதிக்கு வந்தோரில் பலர் போலீசின் ரப்பர் குண்டுக்குக் கண்ணைப் பறிகொடுத்தனர். வீதியில் நின்றவர்களே கைபேசியில் பிடித்த காட்சிகளைத் தாவீத் துஃப்ரேன் 2020இல் ஆவணப்படமாக்கினார். அடிபட்டவர்களையும் போலீஸ் சங்கப் பிரதிநிதிகளையும் திரை முன் நிறுத்திப் பேச வைத்தார். அதே ஆண்டு போலீசாரைப் படம்பிடித்து வெளியிடுவோரைத் தண்டிக்க மக்ரோன் சர்க்கார் ஒரு ஷரத்தைக் கொண்டுவந்தது. லட்சத்துக்கு மேல் திரண்டு எதிர்த்தனர். திருத்தி எழுதிய ஷரத்தையும் 2021 மே மாதம் அரசியல் சட்டக் கவுன்சில் தள்ளியது.

தூத்துக்குடிக்கும் அப்படி ஒரு படம் வேண்டும். காட்சிகள் மீனவர், மாணவர், உப்பளத் தொழிலாளர் கைபேசிகளில் சிதறிக் கிடக்கின்றன. கைபேசி பழுதானால் சாட்சியமும் போயிற்று. வைத்திருப்போர் வெட்டாமல் ஒட்டாமல், எடுத்த நாளும் இடமும் குறித்து, ஒரு பிரதியைத் தொழிற்சங்கத்திலும் மற்றொன்றை வக்கீலிடமும் ஒப்படைக்கவேண்டும். ஆனால் கண்டவருக்கெல்லாம் அனுப்பிவிடாதீர்கள், தோழர்களே! கூட்டத்தில் நின்ற நம்மவர் முகங்களைத் தேடிப் போலீசும் அதே படங்களைத்தான் பார்க்கிறது.