பெயருக்குக் காவல் உண்டு, கோலத்துக்கு?

சென்னை கிண்டியில் மத்திய அரசின் அலுவலகம் ஒன்று இருக்கிறது. "புவிசார் குறியீட்டுப் பதிவகம்" என்பது அதன் பெயர். இந்தியா முழுவதற்கும் இந்த ஒரு பதிவகம்தான். டார்ஜிலிங் தேயிலை ஆனாலும் சரி, காஞ்சீபுரம் பட்டு ஆனாலும் சரி, ஊர்ப் பெயரோடு புகழ் பெற்ற பொருள்கள் எல்லாம் இங்கேதான் பதிவாகின்றன.

2013-ம் ஆண்டு இந்தப் பதிவேட்டில் ஒரு புதுப் பெயர் ஏறியது. "தோடர் பூத்தையல்" என்று அதைச் சொல்லலாம். நீலகிரி மலையில் வாழும் தோடர் இனப் பெண்களின் கைவேலை அது.

பெயர் பதிவாகிவிட்டது. ஆனால் அந்தக் கைவேலை பிழைத்துவிட்டதா? அதுதான் கேள்வி.

யார் இந்தத் தோடர்?

தோடர்கள் நீலகிரியின் ஆதிகுடிகள். எருமைதான் அவர்களது செல்வம். அவர்கள் வாழும் சிற்றூருக்கு "மந்து" என்று பெயர். மக்கள் தொகை மிகக் குறைவு. 2011 கணக்கெடுப்பின்படி சுமார் 2,000 பேர்தான்! தியாகராய நகரில் தீபாவளிக்கு முந்திய ஞாயிற்றுக்கிழமை ஒரே தெருவில் அதைவிட அதிகம் பேர் நிற்பார்கள்.

தோடர் ஆண்களும் பெண்களும் போர்த்திக் கொள்ளும் வெள்ளைப் போர்வைக்கு "பூத்குளி" என்று பெயர். அதில் சிவப்பு, கறுப்பு நூலால் பெண்கள் பூ வேலை செய்கிறார்கள். எருமைக் கொம்பு, மலை, மலர் எல்லாம் அதில் இடம் பெறும். இறந்தவருக்கும் இந்தப் போர்வையையே போர்த்தி வழி அனுப்புகிறார்கள். அவர்களுக்கு அது வெறும் துணி அல்ல.

புள்ளிக்குப் பதில் இழை

மயிலாப்பூர் வடக்கு மாட வீதியில் ஜனவரி மாதம் கோலப் போட்டி நடக்கும். வீதியில் அச்சும் இல்லை, படமும் இல்லை. பெண்கள் புள்ளியை எண்ணி வைக்கிறார்கள். எண்ணிக்கை ஒன்று தவறினால் கோலமே கோணல்!

தோடர் பெண்ணும் அப்படித்தான். துணியில் பென்சிலால் வரைந்து கொள்வது இல்லை. சட்டத்தில் துணியைக் கட்டுவதும் இல்லை. துணியின் இழையைக் கண்ணால் எண்ணி எண்ணி ஊசியைக் குத்துகிறாள். கணக்கு அவள் மனத்தில் இருக்கிறது. அதைச் சொல்லிக் கொடுத்தது தாய். தாய்க்குச் சொல்லிக் கொடுத்தது பாட்டி.

பெரிய சால்வை ஒன்றை முடிக்க வாரக் கணக்கில் ஆகும். வீட்டு வேலைக்கு நடுவே நேரம் கிடைக்கும்போதுதானே தைக்க முடியும்?

சட்டம் என்ன செய்யும்?

புவிசார் குறியீட்டுச் சட்டம் 1999-ல் இயற்றப்பட்டது. 2003-ல் நடைமுறைக்கு வந்தது. பதிவான பெயரைப் பொய்யாகப் பயன்படுத்தினால் குற்றம். 6 மாதம் முதல் 3 ஆண்டு வரை சிறை. 50 ஆயிரம் ரூபாய் முதல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதம்.

நல்ல சட்டம்தான். ஆனால் இது பெயருக்குப் போட்ட வேலி. கோலத்துக்குப் போட்ட வேலி அல்ல.

எப்படி? ஒருவர் கம்ப்யூட்டர் தையல் எந்திரத்தில் அதே சிவப்பு, கறுப்புக் கோலத்தை ஏற்றுகிறார் என்று வைத்துக் கொள்ளுங்கள். வாரக் கணக்கான வேலை சிறிது நேரத்தில் முடிந்துவிடும். அதை "தோடர்" என்று சொல்லி விற்றால் சட்டம் பிடிக்கும். "மலைநாட்டு டிசைன்" என்று சொல்லி விற்றால்? பிடிப்பது கடினம்.

புதிய டிசைனைப் பதிவு செய்யத் தனிச் சட்டம் இருக்கிறது. ஆனால் பாட்டி காலத்துக் கோலம் புதியது அல்லவே! ஓவியம், புத்தகம் போன்றவற்றுக்கு உள்ள படைப்புரிமைச் சட்டம், "படைத்தவர் யார்?" என்று கேட்கும். ஓர் இனமே சேர்ந்து தலைமுறை தலைமுறையாகப் படைத்ததற்கு யார் பெயரைச் சொல்வது?

கடல் கடந்தும் இதே கதை

இந்தத் தொல்லை தோடர்களுக்கு மட்டும் அல்ல. ஆஸ்திரேலியாவில் டேவிட் மலாங்கி என்ற ஆதிகுடி ஓவியர் இருந்தார். மரப்பட்டையில் ஓவியம் தீட்டுவார். 1966 பிப்ரவரி 14-ந் தேதி அந்த நாடு பவுண்டை விட்டு டாலருக்கு மாறியது. புதிய ஒரு டாலர் நோட்டில் மலாங்கியின் ஓவியம்! ஆனால் அவரிடம் யாரும் அனுமதி கேட்கவில்லை. விஷயம் வெளியே வந்த பிறகு, அந்த நாட்டு ரிசர்வ் வங்கி அவருக்கு 1,000 டாலரும், ஒரு பதக்கமும், மீன்பிடிக் கருவிகளும் கொடுத்தது.

காலம் மாறியது. 1994-ல் ஆதிகுடி ஓவியர்களின் படங்களைத் திருடிக் கம்பளத்தில் நெய்து விற்றவர்கள் மீது வழக்கு வந்தது. ஓவியர்களுக்கு இழப்பீடு கொடுக்கும்படி அந்த நாட்டுக் கோர்ட்டு தீர்ப்புக் கூறியது. ஓவியர் இன்னார் என்று தெரிந்ததால்தான் அங்கே நியாயம் கிடைத்தது.

நம் நாட்டில் என்ன நடந்தது? 2025 ஜூன் மாதம் இத்தாலியின் பிராடா நிறுவனம் மிலான் நகரில் ஒரு செருப்பைக் காட்டியது. நம் கோலாப்பூர் செருப்பு போலவே இருந்தது அது! கோலாப்பூர் செருப்பின் பெயர் 2019-லேயே பதிவானது. கூக்குரல் எழுந்தது. "இந்தியக் கைவினையைப் பார்த்துச் செய்ததுதான்" என்று நிறுவனம் ஒப்புக் கொண்டது. இதுபற்றிப் பொதுநல வழக்கும் போடப்பட்டது. பம்பாய் ஐகோர்ட்டு அதைத் தள்ளுபடி செய்தது. "வழக்குப் போட்டவர்கள் பதிவு பெற்ற உரிமையாளர்கள் அல்ல" என்பது ஒரு காரணம்.

அப்படியானால் உரிமை உள்ளவர்தான் கோர்ட்டுப் படி ஏற வேண்டும். 2,000 பேர் உள்ள ஓர் இனம், ஒவ்வொரு கடையாகப் போய் வழக்குப் போட முடியுமா?

மாறுவது தவறா?

தவறே இல்லை. தோடர் பெண்களே இன்று போர்வையோடு நிற்கவில்லை. கைப்பையும் மேஜை விரிப்பும் தைக்கிறார்கள். கலை உயிரோடு இருந்தால் மாறத்தான் செய்யும். குறைந்த விலைத் துணியை வாங்கும் ஏழைக் குடும்பத்தையும் குறை சொல்ல முடியாது.

தைத்தவளின் கோலத்தை எடுத்துக்கொண்டு, தைத்தவளை விட்டுவிடுவதுதான் தவறு. கூலி குறைந்தால் மகள் ஊசியைத் தொட மாட்டாள். வேறு வேலைக்குப் போவாள். அவளைக் குறை கூற யாருக்கு உரிமை இருக்கிறது? ஆனால் அவளோடு மனக்கணக்கும் போய்விடும். ஒரு தலைமுறை விட்டுப் போனால், பிறகு சொல்லிக் கொடுக்க ஆள் இராது.

நீங்கள் செய்யக் கூடியது

கடையில் இப்படிப்பட்ட சால்வையைக் கண்டால் திருப்பிப் பாருங்கள். கைவேலையில் இரண்டு பக்கமும் கோலம் தெரியும். தடவினால் நூல் விரலில் தட்டுப்படும். அச்சடித்த துணியில் தட்டுப்படாது. "இதைத் தைத்தவர் யார்? எந்தச் சங்கத்திலிருந்து வந்தது?" என்று கடைக்காரரிடம் கேளுங்கள். அண்ணா சாலையில் அரசின் பூம்புகார் விற்பனை நிலையம் இருக்கிறது. தோடர் தையலின் பெயரைப் பதிவு செய்ய விண்ணப்பித்தவர்களில் பூம்புகார் நிறுவனமும் ஒன்று.

பத்துப் பேர் கேட்டால் கடைக்காரர் யோசிப்பார். நூறு பேர் கேட்டால் நீலகிரிக்குக் கடிதம் போடுவார்.

கிண்டி அலுவலகம் பெயரைக் காக்கும். கோலத்தைக் காப்பது வாங்குகிறவர் கையில்தான் இருக்கிறது.