ஏழையை வைத்து ஒரு புராணம்

வேஷக்காரர்கள் இல்லாமல் கிராமத்து ஜனங்களையே நிறுத்தி, உள்ளது உள்ளபடி எடுப்பதாகச் சொல்லப்படும் ஆவணப் படங்களைப் படித்த கூட்டத்தார் மெத்தப் புகழ்கின்றார்கள். ராமனும் கிருஷ்ணனும் ஆகாயத்தில் பறக்கும் படங்களைவிட இவை எவ்வளவோ மேல் என்பதில் நமக்கு ஆக்ஷேபணை இல்லை. ஆனால் புராணம் கட்டுவதற்கு ராமன்தான் வேண்டும் என்பதில்லை. ஏழையை வைத்தும் கட்டலாம்.

ராபர்ட் பிளாஹர்ட்டி என்னும் அமெரிக்கர், அயர்லாந்துக்கு மேற்கேயுள்ள ஆரன் தீவுகளில் எடுத்த "ஆரன் மனிதன்" என்னும் படம் 1934-ல் வெளிவந்தது. அதில் புருஷன், மனைவி, பிள்ளை என்று காட்டப்படும் மூவரும் ஒரு குடும்பத்தாரே அல்லர். முகவெட்டுப் பார்த்துப் பொறுக்கிச் சேர்த்தவர்கள். பிரம்மாண்டமான சுறாவை ஈட்டி எறிந்து பிடிக்கின்றார்களே, அந்தத் தொழில் பாட்டன் காலத்திலேயே நின்றுபோனது. படத்துக்காகப் புதிதாய்ப் பழக்கினார்கள்.

இதையெல்லாம்கூட மன்னித்துவிடலாம். பாறைமேல் கடற்பாசியையும் மண்ணையும் சுமந்து கொட்டி, அதில் அவர்கள் உருளைக்கிழங்கு பயிரிடுவதைக் காட்டுகின்றார். அந்தப் பாறைக்கும் ஒரு காலத்தில் குத்தகை வாங்கின நிலச்சுவான்தார் இருந்தான். கட்டாதவர்களை வீட்டைவிட்டு விரட்டினதும் உண்டு. படத்தில் அந்தப் பேச்சே கிடையாது. மனிதன், அலை, பாறை, அவ்வளவுதான்! பட்டினிக்குக் கடல்தான் காரணம் என்றால் யாரைக் கேள்வி கேட்பது? தலைவிதி என்று நம் புராணிகன் வாயால் சொன்னதை இவர் காமிராவால் சொன்னார். அவ்வாண்டே வெனிஸ் நகரத்தில் முசோலினி பெயரால் வைத்த கோப்பை இப்படத்துக்குக் கிடைத்ததில் ஆச்சரியமென்ன?

நம் பக்கத்துப் படம் ஒன்றையும் பாருங்கள். அன்றைய தஞ்சை ஜில்லா கீழவெண்மணியில், 1968 டிசம்பர் 25-ந் தேதி இரவு, கூலி அதிகம் கேட்ட விவசாயத் தொழிலாளர் குடும்பங்களில் 44 பேர், பெரும்பாலும் பெண்களும் குழந்தைகளுமாக, ஒரு குடிசைக்குள் கொளுத்தப்பட்டார்கள். அதைப்பற்றிப் பாரதி கிருஷ்ணகுமார் 2005-ல் எடுத்த "ராமையாவின் குடிசை"யில் அலையுமில்லை, ஈட்டியுமில்லை. அந்த ஊர் ஜனங்களே பேசுகின்றார்கள். கூலிச் சண்டையும் மிராசுதாரனும் அதில் மறையவில்லை. கலாரசிகர்கள் இதில் அழகு போதாது என்று சொல்லக்கூடும். சொல்லட்டும்.

இனி உங்கள் ஊருக்கு ஒருவர் காமிராவுடன் வந்து, நாற்று நடு, சிரி என்று சொன்னால், தாராளமாய் நடுங்கள். கூடவே, "இந்த நிலம் யாருடையது என்பதையும் பிடித்துக்கொள்ளும் அய்யா; சேரிக்குத் தனிச் சுடுகாடு ஏன் என்பதையும் பிடித்துக்கொள்ளும்" என்று சொல்லுங்கள். முடிந்த படத்தை முதலில் அந்தச் சேரித் தெருவிலேயே திரை கட்டிக் காட்டச் சொல்லுங்கள்.