வீடு வேறு, விடுதலை வேறா?

1995இல் அமெரிக்காவில் ‘ஹெம்பிலேஷன்’ என்றொரு பாடல் தொகுப்பு வெளிவந்தது. பிளாக் குரோஸ், சைப்ரஸ் ஹில், ப்ளூஸ் டிராவலர் போன்ற குழுக்கள் பாடின. கஞ்சாவைச் சட்டபூர்வமாக்கக் கோரி 1970 முதல் இயங்கிவரும் ‘நார்மல்’ அமைப்புக்கு நிதி திரட்டுவது நோக்கம். அந்தக் கோரிக்கையோடு எனக்குச் சண்டையில்லை. அந்த ஓர் ஆண்டில் மட்டும் அங்கே ஐந்து லட்சத்துக்கும் மேற்பட்ட கஞ்சாக் கைதுகள். பெரும்பாலானவை கஞ்சா வைத்திருந்ததற்காக மட்டுமே. தொகுப்பின் தலைப்பிலேயே இருந்த ‘விடுதலை’ என்ற சொல் யாருடையது என்பதுதான் என் கேள்வி.

அதில் ஓங்கி ஒலிப்பது புகைக்கிற ஆணின் குரல். அவனைப் போலீஸ் தொடக்கூடாது. சரி. ஆனால் அவன் பிடிபட்டால் தெருவுக்கு வருவது யார்?

1988ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி, அரசுக் குடியிருப்பில் வசிப்பவரின் குடும்பத்தாரோ விருந்தினரோ போதைப்பொருளோடு பிடிபட்டால் வீட்டையே காலி செய்ய வைக்கலாம். 1996இல் கிளின்டன் அரசு அதை இன்னும் இறுக்கியது. ஓக்லாந்தில் இரண்டு முதிய பெண்களின் பேரன்கள் வாகன நிறுத்துமிடத்தில் கஞ்சா புகைத்ததற்காக அந்தப் பாட்டிகளை வெளியேற்ற நடவடிக்கை எடுத்தார்கள். தங்களுக்குத் தெரியாது என்றார்கள் அவர்கள். தெரிந்திருக்க வேண்டியதில்லை, வெளியேற்றலாம் என்று 2002இல் உச்ச நீதிமன்றம் ஒருமனதாகத் தீர்ப்பளித்தது. பேரனைக் கண்காணிக்காத குற்றம் பாட்டிக்கு! குடும்பத்தைக் காவல்காப்பது பெண்ணின் சம்பளமில்லாத வேலை என்பதை அரசு இதைவிடத் தெளிவாக எழுத முடியாது.

‘நிதி திரட்டும் பாட்டில் போய்ச் சமூகவியலைத் தேடுவானேன்’ என்று கேட்பார்கள். பாட்டில் இல்லாவிட்டால் போகட்டும், இயக்கத்தின் முகமாக யாரை நிறுத்துகிறோம் என்பது அரசியல் இல்லையா? சான் பிரான்சிஸ்கோவில் ‘பிரவுனி மேரி’ என்று அறியப்பட்ட மேரி ராத்பன், எய்ட்ஸ் நோயாளிகளுக்காகக் கஞ்சா கலந்த பிரவுனிகளைச் சமையலறையில் சுட்டுக் கொடுத்தார். மூன்று முறை கைதானார். மருத்துவக் கஞ்சாவை அனுமதித்த 1996ஆம் ஆண்டுக் கலிபோர்னியச் சட்டத்துக்குப் பின்னால் அவரைப் போன்றோரின் பராமரிப்பு உழைப்பு இருக்கிறது. கிதாரின் இரைச்சலில் அடுப்படியின் சத்தம் கேட்பதில்லை.

2016இல் கலிபோர்னியா 21 வயது நிறைந்தோர் அனைவருக்கும் கஞ்சாவை அனுமதித்தது. நடுவண் அரசின் நிதியில் நிற்கும் குடியிருப்புகளில் மட்டும் தடை நீங்கவில்லை. சொந்த வீட்டுக்காரன் தன் திண்ணையில் புகைக்கலாம். ஏழைப் பெண் வலிக்கு எடுத்துக்கொண்டாலும் கூரையை இழக்கலாம்.

தமிழில் ‘வீடு’ என்றால் இல்லம், விடுதலையும்கூட. இல்லத்தைத் துறந்து வீடுபேறு தேடும் வசதி ஆணுக்கு எப்போதும் இருந்தது. வாடகைக் கூரையின் கீழ் பேரப்பிள்ளைகளை வளர்ப்பவளுக்கு இரண்டும் ஒன்றுதான். அவள் வீடு பத்திரமாக இல்லாத சட்டத்தை வெற்றி என்று கொண்டாட நான் தயாராக இல்லை.