பிணையும் சாதியும்: ஒரு பெற்றோரின் கேள்விக்கு விடை



வழக்கமாக இப்பக்கத்தில் ஒற்றுப்பிழைகளைப் பற்றியும் கட்டுரைப் பயிற்சியைப் பற்றியும் எழுதுவேன். இம்முறை சட்டம் பற்றி எழுத நேர்ந்துவிட்டது. தேக்காவில் சந்தித்த பெற்றோர் ஒருவர், "வன்கொடுமை வழக்கென்றால் இந்தியாவில் முன்ஜாமீனே கிடையாதாமே டீச்சர்? குற்றம் மெய்ப்பிக்கப்படும் வரை ஒருவர் நிரபராதிதானே?" என்று வினவினார். நேர்மையான கேள்வி. ஆதலால் விரிவாகவே விடை கூற விழைகிறேன்.

முதலில் ஒரு தெளிவு. கைதானபின் கேட்பது பிணை (ஜாமீன்). கைதாக நேரிடும் என்று அஞ்சி முன்னரே கேட்பது முன்பிணை. பட்டியல் சாதியினர், பழங்குடியினருக்கு எதிரான வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் 1989இல் இயற்றப்பட்டது. அதன் 18ஆம் பிரிவு தடை செய்வது முன்பிணையை மட்டுமே. கைதானவர் பிணை கோரலாம், நீதிமன்றமும் வழங்கலாம். முன்பிணைக்கும் கதவு முற்றாக அடைக்கப்படவில்லை. இச்சட்டத்தின்கீழ்க் குற்றம் நடந்ததற்கான முகாந்திரமே புகாரில் இல்லையெனில் முன்பிணை தரலாம் என்று உச்ச நீதிமன்றம் 2020 பிப்ரவரியில் தெளிவுபடுத்தியது.

அப்படியாயின் இத்தடை எதற்கு? புகார் கொடுத்தவரும் கொடுக்கப்பட்டவரும் பெரும்பாலும் ஒரே ஊரினர். கூலி வேலையும் குடிநீரும் கடைவீதியும் யார் கையில் உள்ளனவோ, அவருக்கு எதிராகச் சாட்சி சொல்வது எளிதன்று. குற்றம் சாட்டப்பட்டவர் கைதே ஆகாமல் ஊருக்குள் நடமாடினால், புகாரைத் திரும்பப் பெறும்படி மிரட்ட வேறு ஆள் வேண்டியதில்லை.

கோகுல்ராஜ் வழக்கு இதற்குச் சான்று. பட்டியல் சாதியைச் சேர்ந்த அந்தப் பொறியியல் பட்டதாரி 2015 ஜூன் மாதம் திருச்செங்கோடு கோயிலிலிருந்து கடத்திச் செல்லப்பட்டார். மறுநாள் பள்ளிபாளையம் அருகே இரயில் பாதையில் அவருடைய உடல் கிடந்தது. முதன்மைக் குற்றவாளியான யுவராஜ், தலைமறைவாக இருந்தபோதே வாட்ஸ்அப் வழியாகப் பேச்சுகளை வெளியிட்டுவந்தார். அவருக்கு உயர் நீதிமன்றம் அளித்த பிணையை உச்ச நீதிமன்றம் 2016இல் இரத்து செய்தது. விசாரணையில் சாட்சிகள் பலர் பிறழ்ந்தனர். தாயாரின் முயற்சியால் வழக்கு நாமக்கல்லிலிருந்து மதுரைக்கு மாற்றப்பட்டு, 2022 மார்ச்சில் பத்துப் பேருக்கு ஆயுள் தண்டனை விதிக்கப்பட்டது. இத்தனை காவலுக்கு நடுவிலும் சாட்சிகள் பிறழ்ந்தார்கள் என்றால், காவலே இல்லாதிருந்தால் என்ன ஆகியிருக்கும்?

"பொய் வழக்குகள் இல்லையா?" என்று அடுத்துக் கேட்பார்கள். இந்த ஐயத்தை முன்வைத்துத்தான் 2018 மார்ச் 20 அன்று உச்ச நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் முன்பிணைத் தடையைத் தளர்த்தினர். கைதுக்கு முன் உயர் அலுவலரின் ஒப்புதல் வேண்டும் என்றனர். ஏப்ரல் 2 அன்று வட மாநிலங்களில் போராட்டம் வெடித்தது, உயிர்களும் பலியாயின. ஆகஸ்டில் நாடாளுமன்றம் 18அ பிரிவைச் சேர்த்துப் பழைய நிலையை மீட்டது. 2019 அக்டோபரில் உச்ச நீதிமன்றமே அவ்வழிகாட்டல்களைத் திரும்பப் பெற்றது. பொய்ப் புகார் எச்சட்டத்திலும் வரலாம். அதற்காக ஒரு சமூகத்தையே பொய்யராகக் கருதுவது அறமன்று.

என் பார்வையில், முன்பிணைத் தடையைவிடவும் மதிப்பு வாய்ந்தது 2015ஆம் ஆண்டுத் திருத்தம் தந்த 15அ பிரிவு. பிணை மனு வந்தால் பாதிக்கப்பட்டவருக்கு அறிவிப்புத் தர வேண்டும். அவர் கூறுவதையும் நீதிமன்றம் கேட்க வேண்டும். இது கட்டாயம் என்று 2021 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அதுவரை பிணை என்பது அரசுக்கும் குற்றம் சாட்டப்பட்டவருக்கும் இடையிலான உரையாடலாகவே இருந்துவந்தது.

ஆயினும் பெற்றோரின் கேள்வியில் ஒரு நியாயம் உண்டு. தீர்ப்பின்றி ஆண்டுக்கணக்கில் சிறையில் வைப்பது தண்டனைக்குச் சமம். குற்றப்பத்திரிகை தாக்கலான இரண்டு மாதங்களுக்குள் இயன்றவரை விசாரணையை முடிக்க வேண்டும் என்று சட்டமே கூறுகிறது. கோகுல்ராஜ் வழக்கில் தீர்ப்பு வர ஏறத்தாழ ஏழாண்டுகள் ஆயின. வேண்டுவது விரைவான விசாரணை. சட்டத்தின் பல்லைப் பிடுங்குவதன்று.

சிங்கப்பூரில் இருக்கும் நமக்கு இதில் என்ன என்று எண்ணாதீர்கள். 1929இல் பெரியார் இங்கு வந்தார், 1932இல் தமிழர் சீர்திருத்தச் சங்கம் தோன்றியது, கோ. சாரங்கபாணி சாதி வேற்றுமைக்கு எதிராக ஓயாது எழுதினார். அவர்கள் போராட வேண்டியிருந்தது என்றால், சாதியும் நம்மோடு கப்பலேறி வந்தது என்றுதானே பொருள்? இன்றும் மணமக்கள் தேடும்போது அது மெல்லத் தலைகாட்டுகிறது.

நாங்குநேரியில் 2023 ஆகஸ்டில் பள்ளி மாணவர் ஒருவரை வீடு புகுந்து வெட்டியவர்கள் உடன் பயின்ற மாணவர்களே. அவர்கள் சாதியை எங்கே கற்றிருப்பார்கள்? பாடநூலில் அன்று. ஆகவே பெற்றோர்களே, பிள்ளைகள் முன்னிலையில் "அவர்கள் என்ன ஆட்கள்?" என்று கேட்பதை நிறுத்துங்கள். ஆசிரியர்களே, உயர்நிலை மாணவர்கள் இத்தகைய செய்திகளைக் கொண்டுவந்தால் பேச்சை மாற்றாதீர்கள். பிணை என்றால் என்ன, அதை வழங்குமுன் யாருடைய அச்சத்தையும் கேட்க வேண்டும் என்று விளக்குங்கள்.

மாற்றுக் கருத்து இருப்பின் தயங்காமல் எழுதுங்கள்.