வாய்ஸ் ஓவர் எழுதுகிறவனின் கோரிக்கை

தொலைக்காட்சி ஆவணப்படங்களுக்கு வாய்ஸ் ஓவர் எழுதுவது என் தொழில். மூடிய ஆலை என்றால் 'ஒரு காலத்தில் ஆயிரம் குடும்பங்களுக்குச் சோறு போட்ட...' என்று ஆரம்பிக்க வேண்டும். பின்னால் புல்லாங்குழல் அழும். மேலிருந்து ஒரு ட்ரோன் ஷாட், துண்டால் முகம் துடைக்கும் பெரியவரிடம் ஒரு 'பைட்', வேலை முடிந்தது. அந்த ஆலைக்குள் என்ன வேலை நடந்தது என்பது மட்டும் பார்த்தவருக்குக் கடைசிவரை தெரியாது.

சீன இயக்குநர் வாங் பிங் 'வெஸ்ட் ஆஃப் தி டிராக்ஸ்' என்றொரு படம் எடுத்தார். ஷென்யாங் நகரின் தியெஷி பகுதியில், ஜப்பானியர் காலத்தில் தொடங்கி சோவியத் உதவியோடு பெருத்த அரசு ஆலைகள் ஒவ்வொன்றாகப் படுத்துக்கொண்டிருந்த நேரம். 1999-இல் வாடகைக்கு எடுத்த சின்ன டிஜிட்டல் கேமராவோடு உள்ளே போனவர், 2001 வரை படம்பிடித்தார். படம் ஒன்பது மணி நேரத்துக்கும் மேல் ஓடும். பின்னணிக் குரல் கிடையாது.

செம்பு உருக்கும் ஆலையின் ஓய்வறையில் சீட்டாட்டம், வசவு, அடிதடி. குளித்தவர்கள் துணியில்லாமலே நடமாடுகிறார்கள். உடம்பில் ஏறிய ஈயத்தை இறக்க மருத்துவமனைக்குப் போகிறார்கள். ஒருவர் கேமராவிடம் தன் பழங்கதையைச் சொல்லிக்கொண்டிருக்கும்போதே, இன்னொருவர் வந்து ஆலை மூடப்படும் சேதியைப் போட்டு உடைக்கிறார். தேதி வாங்கிக்கொண்டு போய் எடுக்கிற காட்சியா அது? அங்கேயே கிடந்தவருக்குத்தான் கிடைக்கும்.

இப்படிப்பட்ட படங்களைப் பாராட்டுகிறவர்கள், மக்கள் கேமராவையே மறந்துவிட்டார்கள் என்பார்கள். எனக்கு ஒப்பவில்லை. மறந்திருந்தால் அந்த மனிதர் யாரிடம் கதை சொன்னார்? மறக்கவில்லை, பழகிவிட்டார். பழகுவதற்கு நாளாகும்; நம் ஊர் பட்ஜெட்டில் அதற்கு ஒரு வரிகூட ஒதுக்குவதில்லை.

ஓர் உறுத்தலும் உண்டு. படத்தின் மூன்றாம் பகுதியில், ரயில் பாதையோரம் நிலக்கரி பொறுக்கிப் பிழைக்கும் ஒருவர் கைதாகிறார். வீட்டில் தனித்திருக்கும் மகன் குடும்பப் புகைப்படங்களைப் பார்த்து அழுகிறான். கேமராவைக் கீழே வைத்திருக்கலாமே என்று எனக்குத் தோன்றத்தான் செய்தது. ஆனாலும் அந்தப் பையனின் வீடும் பிழைப்பும் அப்பனோடு அவன் இருக்கிற விதமும் தெரிந்த பிறகே அந்த அழுகை வருகிறது. நம் சேனல்கள் அழுகையை மட்டும் நறுக்கி, ஸ்லோ மோஷனில் திரும்பத் திரும்ப ஓட்டுகின்றன.

யாரும் ஒன்பது மணி நேரம் தர வேண்டாம். அரை மணி நேரப் படத்தில் ஐந்து நிமிடம் என் எழுத்தும் வேண்டாம், புல்லாங்குழலும் வேண்டாம். நெசவாலை என்றால், தறி ஓடுகிற சத்தத்தில் பக்கத்திலிருப்பவரிடம் ஒருவர் எப்படிப் பேசுகிறார், அறுந்த இழையை எப்படி முடிகிறார் என்று முழுதாகக் காட்டட்டும். எனக்குக் கூலி நிமிடக் கணக்கில்தான். அந்த ஐந்து நிமிடக் காசைக் கழித்துக்கொண்டு கொடுத்தாலும் சம்மதமே.