குண்டு மழைக்கு நடுவே கேமரா எதற்கு? மரியுபோல் சொல்லும் பதில்

குண்டு விழும் ஊரிலிருந்து எல்லோரும் வெளியே ஓடும்போது, கேமராவோடு சிலர் உள்ளே போகிறார்கள். அவர்கள் எடுக்கும் காட்சிகளால் போர் நின்றுவிடுமா? நிற்காது. அப்புறம் எதற்கு இந்த ரிஸ்க்? ஆஸ்கர் வென்ற '20 டேஸ் இன் மரியுபோல்' ஆவணப்படம் உருவான விதத்தில் இதற்குப் பதில் இருக்கிறது.

யார் இவர்கள்?

2022 பிப்ரவரி 24. உக்ரைன் மீது ரஷ்யா போர் தொடுத்த அன்று அதிகாலையிலேயே ஏபி செய்தி நிறுவனத்தின் மூவர் குழு, துறைமுக நகரமான மரியுபோலுக்குள் போய்விட்டது. வீடியோ எடுத்தவர் எம்ஸ்திஸ்லாவ் செர்னோவ். உடன் இருந்தவர்கள் புகைப்படக் கலைஞர் எவ்ஹெனி மலோலெட்கா, தயாரிப்பாளர் வசிலிசா ஸ்டெபனென்கோ. ரஷ்யப் படை நகரைச் சுற்றி வளைத்த பிறகு, உள்ளே மிஞ்சிய ஒரே சர்வதேச ஊடகக் குழு இவர்கள்தான்.

வீடியோ வெளியே போனது எப்படி?

கரண்ட் இல்லை, தண்ணீர் இல்லை, நெட் இல்லை. சிக்னல் கிடைக்கும் இடத்தைத் தேடிப் போய், காட்சிகளைத் துண்டு துண்டாக அனுப்பினார்கள். எடுத்தது சுமார் 30 மணி நேரக் காட்சிகள். நகருக்குள் இருந்து அனுப்ப முடிந்தது அதில் சிறு பகுதிதான்.

'நாடகம்' என்ற ரஷ்யா

மார்ச் 9 அன்று மகப்பேறு மருத்துவமனை தாக்கப்பட்டது. ஸ்ட்ரெச்சரில் தூக்கிச் செல்லப்பட்ட கர்ப்பிணியின் படம் உலகையே உலுக்கியது. 'எல்லாம் நடிப்பு' என்றது ரஷ்யத் தரப்பு.

குழு ஊரிலேயே இருந்ததால், அந்தப் பெண்களைத் தேடிப் போக முடிந்தது. ஸ்ட்ரெச்சரில் இருந்த பெண்ணும் குழந்தையும் இறந்துவிட்டதை மருத்துவர் உறுதி செய்தார். 'நடிகை' என்று ரஷ்யா சொன்ன இன்னொரு கர்ப்பிணிக்குப் பெண் குழந்தை பிறந்தது. அதையும் படம் பிடித்தார்கள். ஒரு போட்டோவை 'பொய்' என்று சொல்லிவிடலாம். அதற்கு முன்னும் பின்னும் நடந்தது பதிவாகியிருந்தால், அப்படிச் சொல்வது கஷ்டம்.

கேமராவை எல்லோரும் வரவேற்றார்களா?

இல்லை. 'எடுங்கள், உலகம் பார்க்கட்டும்' என்று மருத்துவர்கள் சொன்னார்கள். வீட்டை இழந்து நின்ற சிலரோ கேமராவைப் பார்த்துத் திட்டினார்கள். அந்தக் கோபத்தையும் செர்னோவ் படத்தில் அப்படியே விட்டுவைத்திருக்கிறார்.

கேமரா போன பிறகு?

ரஷ்யப் படையிடம் சிக்கினால், 'எடுத்ததெல்லாம் பொய்' என்று சொல்ல வைப்பார்கள் என ஒரு போலீஸ்காரர் எச்சரித்தார். மார்ச் 15 அன்று, ரஷ்யாவின் 15 சோதனைச் சாவடிகளைத் தாண்டி குழு வெளியேறியது.

மறுநாளே, மக்கள் தஞ்சமடைந்திருந்த நாடக அரங்கம் தாக்கப்பட்டது. வெளியே தரையில் 'குழந்தைகள்' என்று ரஷ்ய மொழியில் பெரிதாக எழுதி வைத்திருந்தும் பயனில்லை. எத்தனை பேர் இறந்தார்கள்? சுமார் 600 பேர் என்றது ஏபியின் விசாரணை. குறைந்தது 12 பேர், அதற்கு மேலும் இருக்கலாம் என்றது ஆம்னெஸ்டி.

2024 மார்ச்சில் ஆஸ்கர் மேடை ஏறிய செர்னோவ், இந்தப் படத்தை எடுக்கவே நேராமல் இருந்திருக்கலாம் என்றார். ஆனால் எடுத்ததால்தான் மகப்பேறு மருத்துவமனையில் என்ன நடந்தது என்பதற்குச் சாட்சி இருக்கிறது. நாடக அரங்கத்தில் இறந்தவர்களுக்கு இன்னும் சரியான கணக்குகூட இல்லை.