தீர விசாரிப்பதே மெய்

ஓர் ஓவியத்தின் மூலையில் புகழ்பெற்ற ஓவியரின் கையொப்பம் இருந்தால், அது அவர் வரைந்ததாகிவிடுமா? 'கண்ணால் காண்பதும் பொய். காதால் கேட்பதும் பொய். தீர விசாரிப்பதே மெய்' என்னும் பழமொழி ஓவியங்களுக்கும் பொருந்தும்.

2011ஆம் ஆண்டு கவிஞர் இரவீந்திரநாத் தாகூரின் 150ஆவது பிறந்த ஆண்டாகும். அவ்வாண்டு கொல்கத்தா அரசு கலைக் கல்லூரியில் நடைபெற்ற கண்காட்சியில், தாகூர் வரைந்தவை என்று சில ஓவியங்கள் வைக்கப்பட்டன. ஓவியர்கள் சிலர் அவற்றைக் கண்டு ஐயம் எழுப்பினர். இந்தியத் தொல்லியல் துறையின் குழு ஆராய்ந்து, 20 ஓவியங்கள் தாகூர் வரைந்தவை அல்ல என்று அறிவித்தது. ஐயம் எழாதிருந்தால், தாகூரின் கலையை அறிய வந்த மாணவர்கள் பொய்யையே பாடமாகக் கற்றிருப்பர்.

வல்லுநரின் கண்ணும் சில வேளைகளில் ஏமாறும். 17ஆம் நூற்றாண்டு டச்சு ஓவியர் வெர்மீரின் பாணியில் ஹான் வான் மேகரன் என்பவர் ஓர் ஓவியத்தை வரைந்தார். 1937இல் கலை அறிஞர் பிரேடியஸ் அதை வெர்மீரின் அரிய படைப்பு என்று போற்றினார். 1945இல் வேறொரு வழக்கில் கைதான மேகரன், உண்மையை ஒப்புக்கொண்டார். சாட்சிகளின் முன்னிலையில் புதிய ஓவியம் ஒன்றையும் வரைந்து காட்டினார். வண்ணப்பூச்சைச் சோதித்தபோது, 20ஆம் நூற்றாண்டில் உருவான செயற்கைப் பிசின் அதில் கலந்திருந்தது தெரியவந்தது.

"ஓவியம் அழகாக இருந்தால் போதாதா? யார் வரைந்தால் என்ன?" என்று சிலர் கேட்கலாம். அழகை இரசிப்பதில் தவறில்லை. ஆனால், ஒருவர் வரைந்ததை மற்றொருவர் பெயரில் காட்டுவது, வாங்குபவரை ஏமாற்றுவதோடு வரலாற்றையும் திரித்துவிடுகிறது. ஆகவே, வல்லுநரின் பார்வை, அறிவியல் சோதனை, ஓவியம் யார் யாரிடம் இருந்தது என்பதைக் காட்டும் ஆவணம் ஆகிய மூன்றும் ஒத்துப்போன பிறகே முடிவுக்கு வருவது முறையாகும்.

இம்மூன்றில் ஆவணத்தை உருவாக்கும் பொறுப்பை யாவரும் ஏற்கலாம். பாயா ரும்புட் போன்ற ஊர்களில் உள்ள வீடுகளிலும் பழைய படங்கள் இருக்கக்கூடும். அவற்றை வரைந்தவர் யார், வரைந்த ஆண்டு எது என்பதை மூத்தோரிடம் கேட்டு, ஒரு குறிப்பேட்டில் எழுதி வைக்கலாம். இன்று எழுதப்படும் அச்சிறு குறிப்பு, நாளை எழும் பெரிய ஐயத்தைத் தீர்க்கும் சான்றாக அமையும்.